டிக்கெட் தாத்தாவுக்கு வந்த மூன்று கார்டுகள்

குமரேசன் தாத்தாவானது இருபத்தெட்டாவது வயதில். அப்போது அவருக்குக் கல்யாணம்கூட ஆகவில்லை.

'திரைச்சாமரம்' என்று ஒரு சினிமா வாரப் பத்திரிகை சென்னையிலிருந்து வந்துகொண்டிருந்தது. அதில் கேள்வி பதில் பகுதிக்கு 'டிக்கெட் தாத்தா பதில்கள்' என்று பெயர். கொட்டகை வாசலில் டிக்கெட் கிழித்துக் கிழித்தே கிழவனாகிப்போன ஒருவர் வாசகர்களைக் கிண்டலடித்துக்கொண்டே பதில் சொல்வதாக ஏற்பாடு. மேலே பெரிய மீசையோடு அவருடைய படம் வேறு. ஜனங்கள் அந்தக் கிழவனை அப்படியே நம்பினார்கள். பொங்கலுக்கு வேட்டி அனுப்பியவர்கள் உண்டு. அந்த வேட்டியைக் கட்டிக்கொண்டு ஆபீஸ் பியூன்தான் திரிந்தார்.

குமரேசனுக்கு ஒலக்கூர் சொந்த ஊர். அப்பா பெரியசாமிக்கு இரண்டு ஏக்கர் நிலம்; ஒரு போகம் நெல், ஒரு போகம் மல்லாட்டை என்று அந்தப் பக்கம் சொல்லும் வேர்க்கடலை. மகனைத் திண்டிவனம் காலேஜுக்கு அனுப்பினார். மகன் காலேஜுக்குப் போன நாளைவிடக் கொட்டகைக்குப் போன நாள் அதிகம். ஆனால் போனவன் சும்மா பார்த்துவிட்டு வரவில்லை. ஜனங்கள் எந்த இடத்தில் விசில் அடித்தார்கள், எந்தப் பாட்டுக்கு பீடி பிடிக்க எழுந்து போனார்கள், எந்த வசனத்துக்குப் பின்வரிசைப் பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள் என்று எல்லாவற்றையும் கார்டில் எழுதிப் பத்திரிகைக்குப் போட்டான். ஆசிரியர் நிஜாமுதீன் அதை அச்சில் ஏற்றினார். பிறகு திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் அவனையே நிருபராக்கினார். பிறகு, 'ஊரில் உட்கார்ந்துகொண்டு என்ன செய்கிறாய், கிளம்பி வா' என்று ஒரு வரி எழுதினார்.

நிஜாமுதீன் கோட்டக்குப்பத்துக்காரர். அண்ணன் தம்பிகள் எல்லோரும் துபாய்க்கும் மஸ்கட்டுக்கும் போக, இவர் மட்டும் சினிமாவில் விழுந்தவர். தாத்தா பகுதியைக் குமரேசனிடம் கொடுத்தபோது ஒரே ஒரு சட்டம்தான் போட்டார்.

"தாத்தா யாருன்னு வெளிய தெரியவே கூடாது. உன் பொண்டாட்டிக்குக்கூட."

"எனக்கு இன்னும் கல்யாணம் ஆவலீங்களே."

"அப்ப ரொம்ப சவுகரியம்."

வாரா வாரம் கடிதம் சாக்கு மூட்டையாக வந்தது. முதல் இரண்டு மாதம் குமரேசன் ஒழுங்காக எல்லாவற்றையும் படித்தார். ஐந்நூறு கார்டில் நானூற்றைம்பது ஒரே கேள்வி. மீதியில் பாதி கையெழுத்து கடவுளுக்கே விளங்காது. இருபது கேள்வி தேற்றுவதற்குள் ஒரு பகல் போய்விடும். உட்கார்ந்து சொந்தமாக எழுதினால் அரைமணி நேரத்தில் இருபதும் தயார், அதுவும் பதிலுக்குத் தோதாக. மூன்றாம் மாதத்திலிருந்து மூட்டையின் கயிற்றை அவிழ்ப்பதையே விட்டுவிட்டார். நிஜாமுதீனுக்கு இது தெரியும். "வாசகர் இப்பல்லாம் புத்திசாலித்தனமா கேக்குறாங்கப்பா" என்று சிரித்துக்கொள்வார். இது அந்தப் பத்திரிகையில் மட்டும் நடந்த அக்கிரமம் என்று யாரும் நினைக்க வேண்டாம். தயாரிப்பாளர்களுக்கும் இது தெரியும். அவர்களுடைய ஆள் ஒருவர் வந்து காபி குடித்துக்கொண்டே, "தாத்தாகிட்ட இப்படி ஒருத்தர் கேட்டா நல்லாருக்கும்" என்பார். அடுத்த வாரம் காட்பாடியிலிருந்து ஒருத்தர் அப்படியே கேட்டிருப்பார்.

பெயர்களுக்குத்தான் பஞ்சம். கூடப் படித்தவர்களை எல்லாம் நினைவுபடுத்தி எழுதினார். அவர்களும் தங்களுக்கே தெரியாமல் தூத்துக்குடியிலும் நாமக்கல்லிலும் குடியேறி சினிமா சந்தேகம் கேட்டுக்கொண்டிருந்தார்கள். ஊரை மட்டும் எப்போதும் மாற்றிவிடுவார். அந்த அளவுக்கு எச்சரிக்கையான மனுஷன்தான். ஒரே ஒரு தடவை மாற்றவில்லை.

அவருக்கு ஒரே தங்கை, தையல்நாயகி. ஏழு வயது இளையவள். அம்மா சின்ன வயதிலேயே போய்விட்டதால் வீட்டில் அப்பாவும் அவளும்தான். பன்னிரண்டாவது முடித்திருந்தாள். 'திரைச்சாமரம்' வீட்டுக்கு வந்தால், அண்ணன் பெயர் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று தேடி அப்பாவுக்கு வாசித்துக் காட்டுவாள். 'என் பேரெல்லாம் எப்ப அச்சுல வரும்?' என்று ஒருமுறை அண்ணனைக் கேட்டிருக்கிறாள். 1994 புரட்டாசியில் ஒரு மதியம், இருபதாவது கேள்விக்குப் பெயர் தேடிய குமரேசனுக்கு அது நினைவு வந்தது. குழந்தை பார்த்தால் துள்ளிக் குதிக்கும் என்று நினைத்தார். பிரியத்தோடுதான் எழுதினார்: 'பெ. தையல்நாயகி, ஒலக்கூர்.'

கேள்வி, அப்போது கொடிகட்டிப் பறந்த ஒரு கதாநாயகனைப் பற்றியது. 'இவ்வளவு அழகான நடிகர் இன்னும் கல்யாணம் செய்துகொள்ளாமல் இருக்கிறாரே, யாருக்காகக் காத்திருக்கிறார்?' அதற்குத் தாத்தாவின் பதில்: 'ஒலக்கூரிலிருந்து யாராவது வருவார்கள் என்றுதானோ என்னவோ! ஜாதகத்தை அனுப்பி வையம்மா, பொருத்தம் பார்த்துவிடலாம்.'

எழுதிவிட்டுக் குமரேசன் தானே சிரித்தார். பக்கம் அச்சுக்குப் போனது. அடுத்த வாரத்து வேலையில் அதை மறந்தும் போனார்.

அந்த ஐப்பசியில் தையல்நாயகிக்குப் பனமலையில் ஓர் இடம் பேசி முடித்திருந்தார்கள். மாப்பிள்ளை வேங்கடேசன், கூட்டுறவு சங்கத்தில் வேலை. பெண் பார்க்க வந்த அன்றைக்கு அவன் மூன்று தடவை குடிக்கத் தண்ணீர் கேட்டான். மூன்று தடவையும் அவள்தான் கொண்டுவந்து கொடுத்தாள். இதைச் சொல்லிச் சொல்லிக் குமரேசன் தங்கையைக் கேலி செய்திருக்கிறார். தை மாதம் முகூர்த்தம் என்றிருந்தது. கார்த்திகைக் கடைசியில் அவர் ஊருக்குப் போனபோது, அப்பா மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டே, "அந்த எடம் வாணாம்னு ஆயிடுச்சி. ஜாதகத்துல ஏதோ குத்தமாம்" என்றார். தங்கை அடுப்பங்கரையை விட்டு வெளியே வரவில்லை. வெட்கம், வருத்தம் என்று எடுத்துக்கொண்டார் அண்ணன். வீட்டில் 'திரைச்சாமரம்' ஒரு பிரதிகூட கண்ணில் படாததையும் கவனித்தார். அப்பாவுக்கு வயசாகிவிட்டது, பழைய காகிதத்துக்காரனுக்குப் போட்டிருப்பார் என்று நினைத்தார். ஊரான் வீட்டுக் கொட்டகையில் யார் எதற்கு மூக்கைச் சிந்தினார்கள் என்று பார்த்து எழுதிய மனுஷன், சொந்த வீட்டில் கண்ணை மூடிக்கொண்டுதான் இருந்தார். இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு வந்த இரண்டு மூன்று இடங்களும் தட்டிப்போயின. அப்புறம் அவளே வேண்டாம் என்றுவிட்டாள். அங்கன்வாடியில் வேலை கிடைத்தது. குமரேசன் சித்ராவைக் கல்யாணம் செய்துகொண்டு, திண்டிவனத்தில் வீடெடுத்து, தினமும் சென்னைக்கு ரயிலில் போய்வந்து இருபது வருஷம் ஓட்டினார். தென்னாற்காட்டுக் கொட்டகைகளைப் பற்றி ஒரு புத்தகம், கூட்டத்தில் நின்று முகம் காட்டாமல் போன துணை நடிகர்களைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். இரண்டையும் படித்தவர்கள் கையைப் பிடித்துக்கொண்டு பேசினார்கள். அப்பா 2011இல் இறந்தார். பத்திரிகை 2016இல் நின்றது. போன வருஷம் நிஜாமுதீனும் போய்ச் சேர்ந்தார்.

அவருடைய மகள் ஃபர்ஹானா ஒருநாள் போன் செய்தாள். "அங்கிள், குடோன காலி பண்றோம். பழைய லெட்டர் மூட்டை நாலு கெடக்கு. எடைக்குப் போட மனசு வரல. அத்தா சாவுற வரைக்கும் இத தூக்கிப் போட உடல. நீங்க எடுத்துக்கிறீங்களா?"

குமரேசன் அப்போது மூன்றாவது புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். சினிமாப் பத்திரிகைத் தொழிலைப் பற்றி. அதில் வாசகர் கடிதங்களுக்கு ஓர் அத்தியாயம் யோசித்து வைத்திருந்தார். உண்மையான கடிதம் நாலாவது வேண்டாமா? மூட்டைகள் பார்சல் லாரியில் திண்டிவனம் வந்து இறங்கின. சித்ரா தூசிக்குப் பயந்து மொட்டை மாடிக்கு ஏற்றச் சொன்னாள். அங்கே காய்ந்துகொண்டிருந்த மல்லாட்டையை ஓரமாகத் தள்ளிவிட்டு, முப்பது வருஷமாக அவிழ்க்காத கயிற்றை அவர் அறுத்தார்.

இரண்டாவது மூட்டையில் அந்தக் கையெழுத்து இருந்தது. அப்பாவுக்காக அவருக்கு மாதம் ஒரு கடிதம் எழுதிய தங்கையின் கை. அவருக்குத் தூக்கத்திலும் தெரியும். 'பெறுநர்: டிக்கெட் தாத்தா' என்றிருந்தது.

'தாத்தா அவர்களுக்கு வணக்கம். சென்ற இதழில் என் பெயரும் ஊரும் போட்டு ஒரு கேள்வி வந்திருக்கிறது. அதை நான் எழுதவில்லை. தயவு செய்து அடுத்த இதழில் அப்படி ஒரு வரி போடவும்.'

மூட்டையைக் கவிழ்த்துக் கொட்டித் தேடினார். பத்து நாள் கழித்து முத்திரை குத்திய இன்னொன்று கிடைத்தது.

'தாத்தா, எனக்குப் பேசி முடித்த மாப்பிள்ளையின் மாமா அதை சலூனில் படித்துவிட்டாராம். நடிகனுக்கு ஜாதகம் அனுப்புகிற பெண் வேண்டாம் என்கிறார்கள். நான் எழுதவில்லை என்று சொன்னால் அச்சில் வந்தது பொய்யா என்று கேட்கிறார்கள். எங்கள் அப்பாவும் அதையேதான் கேட்கிறார். நீங்கள் ஒரு வரி போட்டால் எல்லோரும் நம்புவார்கள்.'

மூன்றாவது மார்கழியில் எழுதியது.

'தாத்தா, அந்த இடம் போய்விட்டது. பரவாயில்லை. எங்கள் அப்பா என்னோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. அவருக்காக மட்டும் ஒரு வரி போடுங்கள். எங்கள் அண்ணன் குமரேசன் உங்கள் ஆபீசில்தான் வேலை செய்கிறார். கேட்டால் என்னைப் பற்றி நல்லவிதமாகச் சொல்வார். ஆனால் இந்த விஷயம் அவருக்குத் தெரிய வேண்டாம். தெரிந்தால் ஆபீசில் சண்டை போட்டு அவர் வேலைக்கு ஏதாவது ஆகிவிடும் என்று அப்பா சொல்லியிருக்கிறார்.'

குமரேசன் வெயிலில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். சித்ரா மாடிக்கு வந்து பார்த்தபோது, அறுபது வயது மனுஷன் மல்லாட்டைக்கு நடுவே வாயைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அன்றைக்குத்தான் தாத்தா யார் என்று மனைவியிடம் சொன்னார்.

சித்ரா மூன்று கார்டையும் படித்தாள். பிறகு, "முப்பது வருஷம் ஆயிடுச்சிங்க. இப்ப போய் சொல்லி, உங்க தங்கச்சிய இன்னொரு தபா அழ வைக்கணுமா? கிழிச்சி போட்டுட்டு போங்க" என்றாள்.

கிழிக்கத்தான் நினைத்தார். இரண்டு மாதம் அந்தக் கார்டுகளைச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தார். சொன்னால் தங்கை போய்விடுவாள். அவருக்கு உலகத்தில் மிச்சமிருந்த ஒரே ரத்த உறவு. சொல்லாவிட்டால் அவள் கையால் இனி ஒரு வாய் காபி குடிக்க முடியாது. கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தார். விழுப்புரத்தில் ஓர் அச்சகத்தில் அவருடைய மூன்றாவது புத்தகம் தயாராகிக்கொண்டிருந்தது. முதல் பக்கத்தில் ஒரு வரி சேர்க்கச் சொன்னார். திருத்துவதற்கான அச்சுப் புரூஃபை வாங்கிக்கொண்டு நேராக ஒலக்கூருக்குப் போனார்.

அவர் போனபோது அங்கன்வாடியில் குழந்தைகள் சாப்பிட்டுவிட்டுப் பாயில் வரிசையாகத் தூங்கிக்கொண்டிருந்தன. தையல்நாயகி முட்டை ஓட்டைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். தலை பாதிக்குமேல் நரைத்திருந்தது.

"இன்னாண்ணா, இந்த வெயில்ல? அண்ணி நல்லா கீறாங்களா?"

"நல்லாருக்கா. இத படி."

அவள் கையைத் துடைத்துக்கொண்டு, கண்ணாடியை மாட்டிக்கொண்டு காகிதத்தை வாங்கினாள். 'பெ. தையல்நாயகி, ஒலக்கூர் என்ற பெயரில் 1994ஆம் ஆண்டு திரைச்சாமரத்தில் வந்த கேள்வியை அவர் எழுதவில்லை. எழுதியவன் நான்.'

இரண்டு தடவை படித்தாள்.

"தாத்தா நீயாண்ணா?"

"நான்தான்."

"அந்தப் படத்துல அவ்ளோ பெரிய மீசை இருக்குமே."

குமரேசன் அவளுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார்.

"என் பேர எதுக்குண்ணா போட்ட?"

"நீ பாத்தா சந்தோஷப்படுவேன்னு போட்டேன் தையலு. வேற ஒன்னும் இல்ல."

அவள் அவர் முகத்தையே பார்த்தாள். நம்பினாள் என்றுதான் தோன்றியது.

"நான் மூனு கார்டு போட்டேனே. வர்லியா?"

அவர் பையிலிருந்து எடுத்து நீட்டினார். "வந்துச்சி. நான் மூட்டைய அவுக்கவே இல்ல."

"அடப்பாவமே" என்றாள். "நான் தபால்காரர்தான் எங்கியோ போட்டுட்டார்னு நெனச்சிக்கினு இருந்தேன். அந்த ஆள எத்தினி வருஷம் மனசுக்குள்ள திட்டிக்கினு இருந்தேன் தெரியுமா? செத்தே போயிட்டாரு."

"என்ன திட்டு தையலு. நல்லா வாய் விட்டுத் திட்டிடு."

"கொழந்தைங்க தூங்குது" என்றாள் அவள்.

ஒரு குழந்தை புரண்டு படுத்தது. அதைத் தட்டிக்கொடுத்துக்கொண்டே, குரலைத் தாழ்த்திப் பேச ஆரம்பித்தாள்.

"மாப்ள போனாரு. அது போவட்டும்ண்ணா. அது மூனு செம்பு தண்ணியோட சரி. அப்பாதான் நம்பல. பதினேழு வருஷம் ஒரே வூட்டுல இருந்தோம். சோறு போட்டா துன்னுவாரு, மூஞ்ச பாக்க மாட்டாரு. நீ ஊருக்கு வந்தா மட்டும் ரெண்டு வார்த்த பேசற மாதிரி காட்டிக்குவாரு."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே பாப்பா."

"உன் வேல போயிடும்னு சத்தியம் வாங்கிக்கினாரு." அவள் கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்தாள். "கடசியா படுக்கையில கெடந்தாரே, நீ டாக்டர கூப்ட போயிருந்த. அப்ப என் கைய புடிச்சிக்கினு, 'இப்பவாவது உண்மைய சொல்லிடும்மா, நான் ஒன்னும் சொல்ல மாட்டேன்'னு கேட்டாரு. அந்த மனுஷன் கண்ண பாத்துட்டு நான் இன்னாண்ணா சொல்றது? 'ஆமாம்பா, நான்தான் எழுதுனேன், தெரியாம செஞ்சிட்டேன்'னு சொல்லிட்டேன்."

குமரேசன் சுவரில் சாய்ந்துகொண்டார்.

"ஒடனே தலைய தடவிக் குடுத்தாரு. 'போவட்டும் போ, சின்னப் புள்ள தான'ன்னாரு. அதுக்கப்புறம் ரெண்டு நாள் என்கிட்ட நல்லா பேசிக்கினு இருந்தாரு. அத வச்சிக்கினுதான் நான் இருக்கேன்."

வெளியே புளியமரத்தில் காக்கை கத்தியது. அவள் புரூஃபை மறுபடி எடுத்து அந்த வரியை விரலால் தொட்டுப் பார்த்தாள். இப்போதுதான் அவள் கண் நிறைந்தது.

"நல்லா எழுதியிருக்கண்ணா. அப்ப வந்திருந்தா ஊரு பூரா எடுத்துக்கினு ஓடியிருப்பேன். இப்ப யாருகிட்ட காட்டறது? நீ இத அச்சுல போட்டா, அப்பா தலைய தடவுனது பொய்யி ஆயிடும்ண்ணா. வாணாம். தயவு செஞ்சி எடுத்துடு."

கார்டுகளில் மூன்று தடவை கேட்டபோது இருந்த அதே மரியாதை இப்போதும் அவள் குரலில் இருந்தது. குமரேசன் சட்டைப் பையிலிருந்து சிவப்பு மைப் பேனாவை எடுத்தார். பத்திரிகையில் பல வருஷம் பிறர் எழுதியதை அடித்துத் திருத்திய கை. அந்த வரியின் மேல் கோடு கோணலாக விழுந்தது. அவள் காகிதத்தின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

தங்கை அவரிடம் ஆயுளில் கேட்டது இரண்டே இரண்டு. ஒரு வரி போடச் சொன்னாள், ஒரு வரி எடுக்கச் சொன்னாள். இரண்டாவதை அவர் செய்து கொடுத்தார்.

"சாப்ட்டியாண்ணா?" என்று கேட்டுவிட்டு அவள் அண்டாவில் மிச்சம் இருக்கிறதா என்று பார்க்க எழுந்து போனாள். இருந்தது. தட்டில் போட்டு எடுத்து வந்து வைத்தாள். அவர் தூங்குகிற குழந்தைகளுக்கு நடுவே உட்கார்ந்து, சத்தம் வராமல் அழுதுகொண்டே அதைச் சாப்பிட்டு முடித்தார்.